நாலு ஸ்க்ரூ வேலை

கதவை மாட்டியாகிவிட்டது. திறக்கத்தான் முடியவில்லை.

ஹார்ட்விக் லூடெக்கே சமையலறைத் தரையில் மண்டியிட்டு, நேற்று மாலை தன் கையாலேயே பொருத்திய ஓக் மரப் பலகையை வேண்டுதல்காரர் மாதிரி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். பலகைக்குப் பின்னால் டிஷ்வாஷர். டிஷ்வாஷருக்குள் அந்த வீட்டில் இருந்த அத்தனை காபிக் கோப்பைகளும், தட்டுகளும், கேக் கரண்டிகளும். எல்லாம் பளபளவென்று கழுவப்பட்டு, உலர்ந்து, வெளியே வரத் தயாராக இருந்தன. வழிதான் இல்லை.

"திறந்துச்சா?" அடுப்பிலிருந்து ஆப்பிள் கேக்கை எடுத்தபடி கேட்டாள் கெஸீனே.

"திறந்துக்கிட்டே இருக்கு."

"எந்தப் பக்கமா?"

லூடெக்கே பலகையை இன்னும் இறுக்கிப் பிடித்தார். முப்பது வருஷம் மணவாழ்க்கை நடத்தியவருக்கு எந்தக் கேள்வி கேள்வி, எந்தக் கேள்வி குத்தல் என்று தெரியாதா என்ன?

இப்படிப் பலகை மாட்டுவதன் நோக்கமே, அங்கே ஓர் எந்திரம் இருப்பது பார்ப்பவர் கண்ணுக்குத் தெரியக் கூடாது என்பதுதான். அலமாரிகளோடு அலமாரியாக அது மறைந்துவிட வேண்டும். அந்த வகையில் லூடெக்கேயின் வேலைக்கு நூற்றுக்கு நூறு போடலாம். எந்திரம் முழுதாக மறைந்துவிட்டது. கூடவே கோப்பைகளும்.

புதுச் சமையலறையைக் கடைக்காரர்களே வந்து ஒரு நாளில் மாட்டிவிட்டுப் போயிருந்தார்கள். இந்த ஒரு பலகை மட்டும் தச்சரிடம் தனியாகச் சொல்லிச் செய்தது, தாமதமாக வந்தது. "திங்கட்கிழமை வந்து மாட்டித் தர்றோம்" என்றார்கள். லூடெக்கே சிரித்தார். அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தால் அவருக்கே தன்னை அறைய வேண்டும்போல் இருந்தது.

"நாலு ஸ்க்ரூ வேலை. இதுக்கு ஒரு வண்டி, ரெண்டு ஆளா?" என்று சொல்லியிருந்தார்.

அப்படிச் சொல்ல அவருக்குத் தகுதி இருந்தது. வுப்பர்டால் நகரத்தின் எடை அளவு அலுவலகத்தில் அவர் மூத்த அதிகாரி. கசாப்புக் கடைத் தராசு முதல் பெட்ரோல் பங்க் வரை எத்தனையோ அளவுகள் அவர் முன்னால் நடுங்கியிருக்கின்றன. ஒரு மயிரிழை பிசகினாலும் தடை முத்திரை வைத்துவிட்டுத்தான் வெளியே வருவார்.

டிஷ்வாஷரோடு ஓர் அளவுத்தாள் கொடுத்திருந்தார்கள். அதைப் பலகையின் பின்புறம் மேல் விளிம்போடு ஒட்டி, புள்ளி வைத்த இடத்தில் துளை போட வேண்டும். அவ்வளவுதான். வேறு யாராக இருந்தாலும் ஒட்டித் துளை போட்டுவிட்டு அந்தத் தாளைக் கசக்கி எறிந்திருப்பார்கள். லூடெக்கேயால் முடியுமா? அது மூலப் பிரதி. மூலப் பிரதியில் பசை படலாமா? எனவே அலுவலகத்தில் அதை நகல் எடுத்தார். மூலத்தைக் கோப்பில் பத்திரப்படுத்தினார். நகலைப் பலகையில் ஒட்டினார். நகல் எடுக்கும் எந்திரம், ஓரத்தில் கொஞ்சம் வெள்ளை விட்டால் அழகாக இருக்குமே என்று எல்லாவற்றையும் சற்றே சுருக்கித் தந்திருந்தது அவருக்குத் தெரியாது. நேற்று இரவு படுக்கையில் திடீரென்று தெரிந்தது. ஊர் முழுக்க அளவு பார்ப்பவர், அளவு பார்க்காத ஒரே அளவு.

துளைகள் மேலே போனதால் பலகை ஒரு விரற்கடை கீழே இறங்கித் தொங்கியது. அதை அப்போதே பார்த்தார். "பரவாயில்ல, கம்பீரமாத்தான் இருக்கு" என்று தன்னைத் தேற்றிக்கொண்டார். கோப்பைகளை அடுக்கி, எந்திரத்தை ஓடவிட்டு, அது ஓடும் நேரத்தில் கீழே தரையை ஒட்டி வரும் அடிப்பலகையைச் செருகினார். அது போகவில்லை. சுத்தியலால் ஒரு தட்டு. போய்விட்டது.

அதோடு தீர்ந்தது கதை. இப்போது, முன்னால் சாய்ந்து கீழே இறங்க வேண்டிய கதவு, அடிப்பலகை தடுப்பதால் திறக்காது. ஓக் பலகை முன்னால் தொங்குவதால் அடிப்பலகையை உருவ முடியாது. ஓக் பலகையைக் கழற்றலாம் என்றால், அதன் ஸ்க்ரூக்கள் கதவின் உள்பக்கம். கதவு திறக்காது. இந்தக் கையெழுத்து இல்லாமல் அந்தக் கையெழுத்து கிடையாது என்று எத்தனை விண்ணப்பக்காரர்களைத் திருப்பி அனுப்பியிருக்கிறார்! முதல் முறையாக மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து பார்த்தார். தரை சில்லென்று இருந்தது.

"பேசாம கீழ் வீட்ல பீப்பன்பிரிங்க் அம்மாகிட்ட கோப்பை இரவல் வாங்கிடலாம்" என்றாள் கெஸீனே.

"வாங்கிட்டு? நாலு மணிக்கு அந்தம்மா நம்ம வீட்டுக்கு வந்து அவங்க கோப்பையிலயே காபி குடிக்கணுமா?"

"காபி நம்மளதுதானே."

"கெஸீனே, நாளைக்குத் தேர்தல்!"

அதுதான் விஷயம். எட்டு வீடுகள் கொண்ட அந்தக் கட்டடத்தின் குடியிருப்போர் சங்கத்துக்கு லூடெக்கே மூன்று முறை தலைவர். நாளை மாலை நான்காவது முறை. அதற்காகத்தான் இன்று நாலு மணிக்கு எல்லாருக்கும் காபி, கேக். வோட்டுக்காக அல்ல, நல்லுறவுக்காக என்று அழைப்பில் எழுதியிருந்தார். கெஸீனே அதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் குளியலறைக்குள் போய்ச் சிரித்துவிட்டு வந்தாள்.

தலைவராக அவர் செய்த சாதனை ஒன்றே ஒன்று. ஞாயிற்றுக்கிழமை அமைதி. அந்த ஊரில் ஞாயிற்றுக்கிழமை சுவரில் துளை போடுகிறவன் பட்டப்பகலில் வங்கியில் புகுந்தவனைவிட ஒரு படி கீழே என்றாலும், மற்றக் கட்டடங்களில் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சத்தம் கேட்கத்தான் செய்தது. லூடெக்கேயின் கட்டடத்தில் ஒன்பது வருஷமாக ஒரு சுத்தியல் சத்தம் கூட அவர் காதில் விழுந்ததில்லை. ஒரே ஒரு விலக்கு, வசந்த காலத்தில் மேல்மாடிக்குப் புதிதாகக் குடிவந்த லெவ்கே என்ற பெண். வந்த முதல் ஞாயிறே காலை பத்து மணிக்கு அலமாரி மாட்டத் துளை போட்டாள். லூடெக்கே கோட்டு மாட்டிக்கொண்டு மேலே ஏறினார்.

"ஒரே ஒரு துளைதான் சார்."

"ஒரே ஒரு துளைன்னுதான் எல்லாரும் ஆரம்பிக்கிறாங்க. கப்பல் மூழ்கறதும் ஒரே ஒரு துளையிலதான்."

அந்த வசனம் அவருக்கு அவ்வளவு பிடித்துப்போய், படியிறங்கும்போது இரண்டு முறை தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

"சரி, இழுத்துப் பாப்போம்" என்றார் இப்போது.

பலகையில் கைப்பிடி கிடையாது. கைப்பிடி இல்லாத சமையலறைதான் நாகரிகம் என்று வாதாடி வாங்கியதும் அவர்தான். விரல் நுனியால் எவ்வளவு இழுப்பது? கெஸீனே குளியலறைக்குப் போய், அடைப்பு எடுக்கும் ரப்பர் கிண்ணத்தைக் கொண்டுவந்தாள்.

"அதையா? ஓக் மரத்துலயா?"

"வேற வழி இருந்தா சொல்லு."

வேறு வழி இல்லை. ஓங்கி ஒரு அழுத்து. ரப்பர் கச்சிதமாகப் பிடித்துக்கொண்டது. லூடெக்கே பிடியை இழுத்தார். கெஸீனே லூடெக்கேயை இழுத்தாள். கதவு ஒரு நூல் அசைந்து, அடிப்பலகையில் முட்டி, மறுபடி அதே இடத்துக்கு வந்து நின்றது. ரப்பர் மட்டும் வரவில்லை. திருகிப் பார்த்தார், கெஞ்சிப் பார்த்தார். மெழுகு பூசிய மரம், விடுவதாக இல்லை.

கெஸீனே இரண்டடி பின்னால் போய் நின்று பார்த்தாள். "நல்லாத்தான் இருக்கு. கைப்பிடி வேணும்னு நான் அப்பவே சொன்னேன்."

"சோப்பு! சோப்பு விட்டா வழுக்கும்" என்றார் லூடெக்கே, பேச்சை மாற்ற.

பாத்திரம் தேய்க்கும் சோப்பைத் தண்ணீரில் கரைத்து, பலகைக்கும் அடிப்பலகைக்கும் நடுவே தாராளமாக ஊற்றினார். வழுக்கியது. கை வழுக்கியது, முழங்கால் வழுக்கியது, ஒரு முறை லூடெக்கேயே முழுசாக வழுக்கி மேசைக் காலில் போய் நின்றார். அடிப்பலகை வழுக்கவில்லை. அது மரத்தூளை அழுத்திச் செய்த பலகை. தாகத்தோடு அத்தனை தண்ணீரையும் குடித்தது. குடித்துவிட்டு, பிஸ்கட்டைப் பாலில் போட்டால் எப்படியோ அப்படி, நிதானமாக உப்ப ஆரம்பித்தது. முன்பு காகிதம் நுழையும் அளவு இருந்த இடைவெளியில் இப்போது காற்றும் நுழையாது.

"இப்ப என்ன ஆச்சு தெரியுமா?" என்றாள் கெஸீனே.

"சொல்லாதே."

"சரி, சொல்லல. பெருசாயிடுச்சு."

லூடெக்கே எழுந்து போய் சின்னக் கை ரம்பத்தை எடுத்து வந்தார். கெஸீனே கண்ணை அகல விரித்தாள்.

"ஹார்ட்விக். இன்னிக்கி ஞாயித்துக்கிழமை."

"ரம்பம் மெஷின் கிடையாது. கையால மெதுவா அறுத்தா அது சத்தம் இல்ல. அசைவு."

"இதையே லெவ்கே சொல்லியிருந்தா?"

"லெவ்கே சங்கத் தலைவர் இல்ல."

சொன்ன பிறகு அந்த வாக்கியம் அவருக்கே கொஞ்சம் உறுத்தியது. ஆனால் யோசிக்க நேரம் இல்லை. வானொலியில் எங்கோ ஒரு தேவாலயத்திலிருந்து ஆர்கன் இசை வந்துகொண்டிருந்தது. அதைப் பெரிதாக வைக்கச் சொன்னார். குப்புறப் படுத்து, ஆர்கன் உச்சத்துக்குப் போகும்போது அறுத்து, தணியும்போது நிறுத்தினார். கடவுளே துணைக்கு வந்த மாதிரி இருந்தது. பாதிரியார் பேச வந்ததும் அதுவும் போயிற்று. பிரசங்கம் அமைதியைப் பற்றியது. பாதி அறுபட்ட ஈரப் பலகை ரம்பத்தைக் கவ்விக்கொண்டது. இழுத்ததில் பிடி மட்டும் கையோடு வந்தது.

இப்போது ஓக் பலகையின் நடுவில் ஒரு ரப்பர் கிண்ணம் நீட்டிக்கொண்டிருந்தது. அதற்குக் கீழே ஒரு ரம்பத் தகடு நாக்கைத் துருத்திக்கொண்டிருந்தது. தூரத்திலிருந்து பார்த்தால் ஒரு முகம் மாதிரி இருந்தது. லூடெக்கேக்கு அது தன் முகச் சாயலில் இருப்பதாகத் தோன்றியது.

"ஒரே வழிதான் இருக்கு" என்றார் தணிந்த குரலில்.

"வேண்டாம்."

"அடிப்பலகையில வரிசையா அஞ்சாறு துளை. அதுவா ரெண்டா உடைஞ்சிடும். அரை நிமிஷம்."

"ஹார்ட்விக், நாளைக்கு உன்னைத் தேர்ந்தெடுக்கப் போறதே நீ இதைச் செய்ய மாட்டேங்கறதுக்காகத்தான்."

"கோப்பை இல்லாம நாலு மணிக்கு எல்லார் முன்னாலயும் இந்த ரப்பரோட நின்னா மட்டும் தேர்ந்தெடுப்பாங்களா? அளவு ஆபீசர் அளவு தப்பாப் போட்டான்னு ஊரே சிரிக்காதா?"

படுக்கையறையிலிருந்து தன் இறகு மெத்தைப் போர்வையைக் கொண்டுவந்தார். டிரில்லிங் மெஷினை அதற்குள் வைத்து, கைக்குழந்தையைப் போலச் சுற்றினார். முனை மட்டும் வெளியே. ஜன்னல்களை மூடச் சொன்னார். கெஸீனேயைக் கேக் கலக்கும் மெஷினை ஓடவிடச் சொன்னார். கேக் ஏற்கெனவே வெந்துவிட்டது. அவள் வெறும் கிண்ணத்தைக் கலக்கினாள். "எதுக்குக் கலக்கறேன்னு யாராவது கேட்டா?" என்றாள். "க்ரீம்னு சொல்லு" என்றார் லூடெக்கே. இவ்வளவு சுலபமாகப் பொய் வருகிறதே என்று அவருக்கே வியப்பு. ஒன்பது வருஷ நேர்மை ஒரு மதியத்தில் கரைந்துகொண்டிருந்தது.

பொத்தானை அழுத்தினார்.

போர்வைக்குள்ளிருந்து வந்த சத்தத்தைச் சத்தம் என்று சொன்னால் போதாது. பெரிய மிருகம் ஒன்றின் வாயைப் பொத்திப் பல் பிடுங்குவது போல இருந்தது. முதல் துளை விழுந்தது. இரண்டாவது விழுந்தது. மூன்றாவதில் மெஷின் போர்வைத் துணியைச் சுருட்டிக் கிழித்து, உள்ளிருந்த வாத்து இறகுகளை அறை முழுக்க வாரி இறைத்தது. லூடெக்கே நிறுத்தவில்லை. நிறுத்தியிருக்கலாம். நாலாவது துளை அடிப்பலகையைத் தாண்டி, அதன் பின்னால் சுருண்டு கிடந்த தண்ணீர்க் குழாயில் இறங்கியது. கடைக்காரர்கள் அந்தக் குழாயை ஒழுங்காகப் பின்பக்கம்தான் விட்டிருந்தார்கள். அது கோணலாகக் கிடக்கிறது என்று முன்னால் இழுத்து, வட்டமாகச் சுருட்டி, நாடா கட்டி வைத்தவர் லூடெக்கே.

தண்ணீர் அவர் நெற்றியில் நேராக அடித்தது. குறி அவ்வளவு துல்லியம்.

"குழாயை மூடு! கெஸீனே, குழாயை மூடு!"

"எந்தக் குழாய்?"

"எல்லாக் குழாயும்!"

அவள் தொட்டிக்கு அடியில் குனிந்து மூடினாள். தண்ணீர் நின்றது. ஊறி, அறுபட்டு, துளைபட்ட அடிப்பலகை ஒரு பெருமூச்சு விட்டு இரண்டாக உடைந்தது. அப்புறம் யாரும் தொடாமலே கதவு திறந்தது. ஓக் பலகையின் கனம் தாங்காமல் கோட்டை வாசல் பாலம் போல இறங்கி, லூடெக்கேயின் முழங்காலில் வந்து அமர்ந்தது. உள்ளே தங்க விளிம்பு போட்ட கோப்பைகள், ஒன்றுகூட உடையாமல், வரிசையாகப் பளபளத்தன.

"திறந்துடுச்சு!" லூடெக்கே கத்தினார். "பாத்தியா? நான் சொன்னேன்ல?"

வாசல் மணி அடித்தது.

இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். விருந்தாளிகளாக இருக்க முடியாது. நாலு மணி என்றால் நாலு மணிக்கு வரும் ஜனம். முன்னால் வந்தால் தெருமுனையில் நின்று நேரத்தைப் போக்கிவிட்டுத்தான் வருவார்கள். மணி மறுபடி அடித்தது.

"இல்லேன்னு சொல்லிடு" என்றார் லூடெக்கே.

"வானொலியில பிரசங்கம், கையில கேக் மெஷின், தலை முழுக்க இறகு. என்ன இல்லேன்னு சொல்றது?"

லூடெக்கே மெதுவாக எழுந்தார். சட்டையைப் பிழிந்தார். திடீரென்று அவருக்குள் ஒரு பெரிய மனிதர் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஓடி ஒளிவதா? கூடாது. விழுந்தாலும் கௌரவமாக விழ வேண்டும். நடந்துபோகும்போதே மனசுக்குள் உரை தயாராகிவிட்டது. அது நன்றாகவும் அமைந்துவிட்டது. இந்த நேரத்திலும் அதை ரசிக்கிறேனே என்று தன்னைத் திட்டிக்கொண்டே கதவைத் திறந்தார்.

மொத்தக் கட்டடமும் படிக்கட்டில் நின்றது. முன்னால் தரைத்தளத்து ஷ்னிட்கர், தலைக்கு மேல் ஓடும் அந்த ஊர்த் தொங்கு ரயிலை ஓட்டி ஓய்வு பெற்றவர். அவர் தோளுக்குப் பின்னால் கீழ் வீட்டுப் பீப்பன்பிரிங்க் அம்மாள். அதற்கும் மேலே லெவ்கே. மற்றவர்கள் படிக்கு ஒருவராக. யாரும் சிரிக்கவில்லை. எல்லாரும் ஒரு கையை முதுகுக்குப் பின்னால் வைத்திருந்தார்கள்.

"லூடெக்கே சார்..." என்று இழுத்தார் ஷ்னிட்கர்.

"ஒண்ணும் சொல்ல வேண்டாம்." லூடெக்கே கையை உயர்த்தினார். ஓர் இறகு மெல்லப் பறந்து ஷ்னிட்கரின் தோளில் இறங்கியது. "நான்தான். சத்தம் என் வீட்லேருந்துதான். ஒண்ணு இல்ல, நாலு துளை. ஞாயித்துக்கிழமை. தெரிஞ்சே போட்டேன்."

"சார், நாங்க வந்தது..."

"தெரியும். லெவ்கே, உன்கிட்ட நான் கப்பல் கதையெல்லாம் சொன்னேன். இன்னிக்கி மூழ்கினது நான்தான், பாத்தாலே தெரியும். ஒன்பது வருஷமா இந்தக் கட்டடத்துல நீங்க எல்லாரும் ஒரு ஆணி அடிக்காம எனக்குக் கொடுத்த மரியாதைக்கு, நான் தகுதி இல்லாதவன். நாளைக்கித் தேர்தல்ல என் பேரை வாபஸ் வாங்கிக்கறேன். என்ன தண்டனை போட்டாலும் சரி."

பீப்பன்பிரிங்க் அம்மாள் லெவ்கேயைப் பார்த்தாள். லெவ்கே தன் செருப்பைப் பார்த்தாள். கெஸீனே மட்டும், ஏனோ, கணவரின் முதுகுக்குப் பின்னாலிருந்து எல்லாரையும் பார்த்து வேண்டாம் என்பதுபோல் அவசர அவசரமாகத் தலையை ஆட்டிக்கொண்டிருந்தாள்.

ஷ்னிட்கர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, முதுகுக்குப் பின்னாலிருந்த கையைச் சோர்ந்துபோய் முன்னால் கொண்டுவந்தார். அதில் ஒரு டிரில்லிங் மெஷின் இருந்தது.

"அதெல்லாம் இருக்கட்டும் சார், நீங்களே தலைவரா இருங்க, வாராவாரம் ரெண்டு மணிக்கு உங்க வீட்டம்மா உங்களைக் காட்டுப் பக்கம் நடக்கக் கூட்டிட்டுப் போனப்புறம்தான் நாங்க அத்தனை பேரும் எங்க வேலையை முடிக்கறது, இன்னிக்கி மணி ரெண்டரை தாண்டிடுச்சு, எப்ப சார் கிளம்புவீங்க?"